திங்கட்கிழமைக் கையெழுத்து

அந்தப் பாலைவனத்தில் நேரத்துக்குக் கொஞ்சம் கிறுக்கு. காலையில் உள்ளே போகிறவன் அன்று மாலையே வெளியே வருவான் என்று எந்த ஜோசியனாலும் சொல்ல முடியாது. முந்தின நாள் வந்து நிற்பான், இல்லை மறுநாள் வந்து நிற்பான். அதற்காகத்தான் கேட்டில் ஒரு கரும்பலகை வைத்திருந்தார்கள். வெளியே வருகிறவன் முதலில் அதில் கிழமையைப் பார்க்க வேண்டும். உள்ளே போன நாளேதான் என்றால் பதிவேட்டில் கையெழுத்துப் போட்டுவிட்டு வீட்டுக்குப் போகலாம். வேறு நாள் என்றால் வண்டியைத் திருப்பி, உள்ளே போய் மறுபடி வர வேண்டும். ஒரு டிரைவர் ஒரே ஞாயிற்றுக்கிழமையை மூன்று தடவை அனுபவித்துவிட்டு, ஓய்வு போதவில்லை என்று முனகினானாம். கொடுத்து வைத்தவன்.

நம் தண்ணி லாரிக்காரர் பதினொரு வருஷமாக உள்ளே இருக்கும் கல் குவாரிக்குத் தண்ணீர் கொண்டுபோகிறவர். பலகையைப் பார்க்காமல் ஒரு நாளும் கேட்டைத் தாண்டியதில்லை. அந்த ஒரு தடவைதான் தாண்டினார். காரணம் அவருடைய வாய்.

திங்கட்கிழமை காலை, சட்டையில் ஒரு பொத்தான் இல்லை. மனைவி தையல்காரி. "ஊருக்கெல்லாம் தைக்கிறே, என் சட்டை கண்ணுக்குத் தெரியலையா?" என்று ஆரம்பித்தார். அவளும் ஏதோ சொன்னாள். பேச்சு வளர்ந்தது. கடைசியில், "நீ எதைத்தான் ஒழுங்காக் கவனிச்சே? கவனிச்சிருந்தா நம்ம பிள்ளை இருந்திருக்கும்" என்று சொல்லிவிட்டார்.

இரண்டு வருஷத்துக்கு முன்னால் ஏழாம் மாசத்திலேயே பிறந்து, அன்று சாயங்காலம் வரைகூட இருக்காமல் போன பிள்ளை அது. அவள் ஸ்டூலைப் போட்டு ஏறிப் பரண்மேல் இருந்த பெட்டியை இறக்கினாள். "ஆறு மணி பஸ்ஸுக்கு எங்க அக்கா வீட்டுக்குப் போறேன். தேட வேண்டாம்" என்றாள். அவள் கத்தியிருந்தால் அவருக்கு இவ்வளவு பயம் வந்திருக்காது.

குவாரியில் தண்ணீரை இறக்கிவிட்டு, வழியெல்லாம் தன்னையே திட்டிக்கொண்டு வந்தார். ஆறு மணிக்குள் வீட்டில் இருக்க வேண்டும், அவ்வளவுதான் மனசில். கேட்டுக்கு வெளியே லாரியை நிறுத்திவிட்டுப் பலகைப் பக்கம் திரும்பாமல் ஓடினார்.

வீட்டில் தையல் மெஷின் ஓடிக்கொண்டிருந்தது. மனைவி நிமிர்ந்து பார்த்தாள். "என்ன இன்னைக்குச் சீக்கிரம் வந்துட்டீங்க? டீ குடிக்கிறீங்களா?"

அவருக்குத் தலையும் புரியவில்லை, காலும் புரியவில்லை. பெட்டி பரண்மேல் இருந்தது. அதுவும் கைப்பிடி சுவர்ப்பக்கமாக. அவள் எப்போதும் கைப்பிடியை வெளியே தெரிகிற மாதிரி வைப்பாள். எட்டி எடுக்க அதுதான் சுலபம்.

"நீ... ஊருக்குப் போகலையா?"

"நேத்து அவ்வளவும் பேசிட்டு, இன்னைக்கு இதென்ன கேள்வி?"

"நானா? நேத்தா? என்ன பேசினேன்?"

அவள் மெஷினை நிறுத்தினாள். "ரெண்டு வருஷம் கழிச்சு ஒரு உண்மையைச் சொன்னீங்க. அதை இன்னொரு தடவை என்னால கேட்க முடியாது. கை கழுவிட்டு வாங்க."

அவர் வந்த வேகத்திலேயே கேட்டுக்குத் திரும்பி ஓடினார். பலகையில் செவ்வாய் என்று கொட்டை எழுத்தில் இருந்தது.

"எருமை மாடுகூட வழியைப் பாத்து நடக்கும்" என்றார் கேட் குமாஸ்தா.

"அண்ணே, நான் நேத்து வெளிய வந்தேனா?"

குமாஸ்தா பதிவேட்டைத் திருப்பிக் காட்டினார். திங்கள், மாலை ஐந்து இருபத்தைந்து. பக்கத்தில் அவர் கையெழுத்து, அதே கோணல் வாலோடு. "இன்னைக்குக் காலையிலயும் என் முன்னாலதானே உள்ள போனே?"

"அண்ணே, இதை நான் இன்னும் போடவே இல்லையே!"

"அப்ப போய்ப் போட்டுட்டு வா. என்னைக் குழப்பாதே."

மறுபடி உள்ளே போனார். ஒரே மணல், ஒரே வெயில், நேற்றும் இன்றும் எங்கே பிரிகின்றன என்று தெரியவில்லை. அவள் சொன்னது எந்த உண்மை என்பதில் மட்டும் அவருக்குக் குழப்பமே இல்லை. அவரிடம் இருந்தது ஒன்றுதான்.

ஆனால் வேறொரு குழப்பம் வந்து உட்கார்ந்துகொண்டது. அவள் மன்னித்துவிட்டாள் என்று தெரிந்துகொண்டே போய் மன்னிப்புக் கேட்டால், அது மன்னிப்பா? கேள்வித்தாளை முன்கூட்டியே பார்த்துவிட்டுப் பரீட்சை எழுதுகிற மாதிரி இல்லையா? தெரியாமல் போயிருந்தால் சொல்லியிருப்பாரா? மாட்டார். வாயைத் திறந்திருக்கவே மாட்டார். இதை நினைத்தபோது அவருக்கு வெட்கமாக இருந்தது.

கேட் வந்தது. இந்தத் தடவை பலகையை இரண்டு தடவை பார்த்தார். திங்கள். ஐந்து இருபத்தைந்து. கையெழுத்துப் போட்டார். கோணல் வால் தானாகவே வந்தது.

மனைவி பெட்டியோடு வாசற்படியில் நின்று செருப்பு மாட்டிக்கொண்டிருந்தாள். அவரைப் பார்க்கவில்லை. நாளைக்கு மெஷின் முன்னால் பார்த்த முகமா இது? இந்த முகத்தில் மன்னிப்பின் நிழல்கூட இல்லை. பரண்மேல் பார்த்த பெட்டியையும் அவரால் இப்போது நம்ப முடியவில்லை.

"அன்னைக்கு ஆஸ்பத்திரிக்கு லேட்டா வந்தேனே" என்றார்.

அவள் கை நின்றது.

"பாலைவனத்துல நேரம் மாறிடுச்சுன்னு சொன்னேன். மாறலை. சரியான நாள், சரியான நேரம். கேட்டுலயே சேதி சொன்னாங்க. ஆஸ்பத்திரி வாசல் வரைக்கும் வந்துட்டு, லாரியிலேயே உக்காந்திருந்தேன்."

"ஏன்?"

"பயமா இருந்துச்சு."

"எவ்வளவு நேரம்?"

"ஒரு மணி நேரம். கொஞ்சம் மேலேயே இருக்கும்."

"பிள்ளைக்கு அப்ப உயிர் இருந்துச்சு" என்றாள். "என் கையிலதான் இருந்தான். நான் வாசலையே பாத்துட்டு இருந்தேன்."

"தெரியும். கவனிக்காதவன் நான்தான். காலையில அதை உன் தலையில போட்டுட்டேன்."

வாசற்படியிலேயே உட்கார்ந்து அவள் அழுதாள். இரண்டு வருஷத்தில் அவர் எதிரில் அவள் அழுதது அதுதான் முதல் தடவை. அவரும் அழுதார். பக்கத்தில் உட்காரலாமா, கூடாதா என்று அவருக்குத் தெரியவில்லை; நின்றுகொண்டே அழுதார். தெருமுனையில் பஸ் ஹாரன் அடித்தது, கொஞ்சம் நின்றது, போய்விட்டது.

"பஸ் போயிடுச்சு" என்றாள், முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டே.

அவர் பெட்டியைத் தூக்கிக்கொண்டு உள்ளே போனார். ஸ்டூலில் ஏறிப் பரண்மேல் வைத்தார்.

"கைப்பிடி சுவர்ப்பக்கம் போயிடுச்சு பாருங்க. அப்புறம் எடுக்கக் கஷ்டம்" என்றாள் அவள், வாசலில் இருந்தபடியே.

அவர் திருப்பி வைக்கவில்லை.