ஒரு சட்டி காளான்

துணிப்பையைச் சமையல் மேடையில் கவிழ்த்ததும் ஈர மண் வாசனையோடு காளான்கள் உருண்டு விழுந்தன. மூன்று நாள் விடாத மழைக்குப் பிறகு அன்றுதான் வெயில் எட்டிப் பார்த்திருந்தது. தன் வெல்டிங் பட்டறைக்குப் பின்னால், பெரிய மரங்கள் நிற்கும் காலி மனையில் பறித்ததாகக் கணவன் சொன்னான். பாதி இன்னும் விரியாத மொட்டுகள். சில உள்ளங்கை அகலத்துக்கு விரிந்திருந்தன. எல்லாம் ஒரு பொட்டு அழுக்கில்லாத வெள்ளை. அவள் ஒன்றை எடுத்து மூக்கருகே கொண்டுபோனாள். கெட்ட வாடை எதுவும் இல்லை. சொல்லப்போனால் லேசாகத் தேன் மாதிரி மணத்தது. அதுதான் அவளுக்குப் பிடிக்கவில்லை.

மோந்து பார்ப்பது அவளுடைய பிழைப்பு. பருப்பும் உலர்பழமும் பொட்டலம் போடும் தொழிற்சாலையில் பதினோரு வருடமாகத் தரம் பிரிக்கிறாள். பெல்ட்டில் ஓடிவரும் பாதாமிலும் முந்திரியிலும் சுருங்கியது, கறுத்தது, பூஞ்சை படிந்தது எதுவானாலும் கண் பார்ப்பதற்கு முன்பே அவள் கை பொறுக்கி எறிந்துவிடும். ஒரு மூட்டையில் சிக்கு வாடை ஏறியிருந்தால் வாய்க்கட்டை அவிழ்க்கும்போதே சொல்லிவிடுவாள். அங்கே எல்லாருக்கும் அவள் மூக்கம்மாதான். புதிதாகச் சேர்பவர்களுக்கு அவளே பாடம் சொல்வாள்: "கழுவினாலும் போகாது, வறுத்தாலும் போகாது. சந்தேகம் வந்துச்சுன்னா தூக்கிப் போடு. யோசிக்காத." கடைக்குப் போனாலும் அதே புத்திதான். உலர்ந்த அத்திப்பழத்தைப் பிளந்து வெளிச்சத்தில் பிடித்துப் பார்ப்பாள். காளான் டப்பாவில் தேதி பார்ப்பாள், வழவழப்பு தட்டியிருந்தால் திருப்பிக் கொடுத்துவிட்டுத்தான் நகர்வாள். கணவன் அந்த நேரங்களில் நாலடி தள்ளி, இவள் யாரோ நான் யாரோ என்று நிற்பான்.

"இது வேண்டாங்க" என்றாள். "அடியில பாருங்க, முட்டை ஓடு மாதிரி ஒரு பை இருக்கு. கடையில வாங்குறதுல இப்படி நான் பாத்ததே இல்ல."

"கடைக்காரன் அடிய வெட்டிட்டுத்தான் விப்பான். இங்க பாரு, நத்தை கடிச்சிருக்கு. நத்தைக்கு ஆகுறது நமக்கு ஆகாதா?"

கூடத்தில் அவனுடைய அக்கா உட்கார்ந்திருந்தாள். இரண்டு வருடம் கழித்து அன்று மதியம்தான் வந்து இறங்கியிருந்தாள். கணவன் அந்தப் பக்கம் திரும்பி, "அக்கா, உன் தம்பி பொண்டாட்டி ஒருநாள் என்னையும் மோந்து பாத்துட்டுத் தூக்கிப் போடப் போறா" என்றான். அக்கா விழுந்து விழுந்து சிரித்தாள். அவன் குரலைத் தாழ்த்தி, "அக்கா முன்னாடி என் மானத்த வாங்காத. ஆசையா பறிச்சிட்டு வந்திருக்கேன்" என்றான்.

அவளுக்கு முகம் சுட்டது. கத்தியை எடுத்து அடிப்பைகளை வெட்டிக் குப்பைக்கூடையில் போட்டாள். மூன்று தண்ணீர் மாற்றிக் கழுவினாள். வெங்காயமும் மிளகும் போட்டு, தேவைக்கு மேல் பத்து நிமிடம் அடுப்பில் விட்டாள். நன்றாக வெந்தால் சரியாகிவிடும் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். இன்னொருத்தி சொல்லியிருந்தால் அதட்டியிருப்பாள்.

மாலை ஆறு மணிக்கு இருவருக்கும் பரிமாறினாள். கணவன் சட்டியை வழித்துச் சாப்பிட்டான். நாத்தனாருக்குக் கொழகொழப்பு ஒத்துக்கொள்ளாது. இரண்டு வாய் எடுத்துவிட்டு, "ருசியாத்தான் இருக்கு" என்று நகர்த்தி வைத்தாள்.

"நீ சாப்பிடல?" என்றான் கணவன்.

"வயிறு மந்தமா இருக்கு. நீங்க சாப்பிடுங்க."

பாத்திரம் கழுவும்போதும் துணி மடிக்கும்போதும் அவள் காது கூடத்திலேயே இருந்தது. இருவரும் பழைய கதை பேசிச் சிரித்தார்கள். ஒன்றும் ஆகவில்லை. படுக்கும்போது, நாம்தான் பைத்தியக்காரி என்று நினைத்துக்கொண்டாள். அன்று அயர்ந்து தூங்கியும்விட்டாள்.

காலையில் எழுந்தபோது கணவன் குளியலறைத் தரையில் சுவரைப் பிடித்தபடி உட்கார்ந்திருந்தான். வாந்தி, வயிற்றுப்போக்கு, நிற்கவே இல்லை. அரை மணிக்குள் நாத்தனாரும் படுத்துவிட்டாள். ஆம்புலன்ஸில் ஏற்றி ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனதும் டாக்டரம்மா கேட்ட முதல் கேள்வி, என்ன சாப்பிட்டார்கள் என்பது. இரண்டாவது, எத்தனை மணிக்கு என்பது. சாப்பிட்டுப் பன்னிரண்டு மணி நேரம் கழித்துத்தான் வாந்தி தொடங்கியது என்றதும் அவர் எழுதுவதை நிறுத்திவிட்டு நிமிர்ந்தார்.

"மிச்சம் ஏதாவது இருக்கா? வெட்டிப் போட்டதாவது?"

அவள் வீட்டுக்கு ஓடினாள். குப்பைக்கூடையைத் தரையில் கொட்டி, முழங்கால் போட்டு, முட்டை ஓடும் வெங்காயத் தோலும் விலக்கித் தேடினாள். பதினான்கு அடிப்பைகள் கிடைத்தன. ஈரத்தில் ஊறி இன்னும் வெள்ளையாகவே இருந்தன. வீட்டில் இருந்த முந்திரி டப்பாவைக் கவிழ்த்துவிட்டு அதில் அவற்றைப் போட்டு மூடி எடுத்துப்போனாள். டாக்டரம்மா ஒன்றைக் கையுறை விரலால் புரட்டிப் பார்த்தார். செவிலியைக் கூப்பிட்டு வேகமாக ஏதேதோ சொல்லத் தொடங்கினார்.

மறுநாள், செவ்வாய்க்கிழமை, கணவன் எழுந்து உட்கார்ந்தான். கஞ்சி குடித்தான். பக்கத்துப் படுக்கைக்காரரிடம் பட்டறை விலாசம் சொல்லி, கேட் செய்ய வேண்டுமானால் வரச் சொன்னான். "பாத்தியா? ஒரு நாள் வயித்தால போனதுக்கு ஊரையே கூட்டிட்ட" என்று இவளைப் பார்த்துச் சிரித்தான். அவளுக்குக் கண்ணீர் முட்டிக்கொண்டு வந்தது. நன்றி சொல்ல டாக்டரம்மாவைத் தேடிப் போனாள்.

டாக்டரம்மா அவளை உட்காரச் சொன்னார். "இந்தக் காளான் இப்படித்தாம்மா. நடுவுல ஒரு நாள் சும்மா விடும். உள்ள ஈரல் கெட்டுக்கிட்டே இருக்கும். ரத்தம் பாத்தேன், நல்லா இல்ல. ஈரல் மாத்துற ஆஸ்பத்திரிக்கு எழுதியிருக்கேன், இடம் கெடைக்கணும். உங்க நாத்தனார் கொஞ்சமா சாப்பிட்டதால தப்பிச்சுக்குவாங்க."

"அவர்கிட்ட சொல்லணுமா?"

"நாளைக்கு நான் சொல்றேன்."

பெண்கள் வார்டில் நாத்தனார் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்திருந்தாள். இவள் தலைமாட்டில் உட்கார்ந்து ஆரஞ்சுச் சாறு கொடுத்தாள். நாத்தனார் இரண்டு மடக்கு குடித்துவிட்டு, டம்ளரைப் பிடித்தபடியே கேட்டாள்.

"அன்னிக்கு வயிறு மந்தம்னு சொன்னியே. நெஜமாவா?"

ஆமாம் என்று சொல்லிவிடலாம். யாரும் வயிற்றைத் திறந்து பார்க்கப் போவதில்லை. அவள் வார்டின் கோடி வரை பார்த்தாள். யாரோ ஒரு பெண் தலை வாரிக்கொண்டிருந்தாள்.

"இல்ல அண்ணி. பயமா இருந்துச்சு."

நாத்தனார் டம்ளரை இவள் கையில் திணித்தாள்.

"எனக்கு ஒரு கண்ஜாடை காட்டியிருக்கலாமேம்மா. நான் அவன் கையிலேர்ந்து புடுங்கியிருப்பேனே."

அதற்குப் பிறகு அவள் மறுபடி சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டாள். முதுகு மட்டும் குலுங்கியது. தொடலாமா என்று இவள் கையை நீட்டி, போர்வையின் நுனியை மட்டும் சரிசெய்துவிட்டு வந்தாள்.

புதன்கிழமை காலை, டாக்டரம்மா இன்னும் வந்திருக்கவில்லை. கணவன் தாடையைத் தடவிக்கொண்டு படுத்திருந்தான். குரல் சோர்ந்திருந்தாலும் நினைப்பெல்லாம் வீட்டுக்குப் போவதில்தான் இருந்தது.

"சவர சாமான் கொண்டாந்தியா? பிச்சைக்காரன் மாதிரி வெளிய போக முடியாது."

அவள் பையைத் திறந்தாள். ஜன்னல் வெளிச்சம் அவன் முகத்தில் நேராக விழுந்திருந்தது. கண்ணின் வெள்ளை வெள்ளையாக இல்லை. பதினோரு வருடம் பெல்ட்டின் முன்னால் உட்கார்ந்த கண்ணுக்கு அது ஒரு நொடியில் தெரிந்துவிட்டது.

"கண்ணாடி எங்க?"

துண்டுக்குள் சுற்றி வைத்த கைக்கண்ணாடி அவள் விரலில் பட்டது. அதை அப்படியே பையின் அடிக்குத் தள்ளினாள்.

"மறந்துட்டேங்க. படுங்க, நானே பண்ணி விடறேன்."

"நீயா? மீசையில கைய வெச்சிராத."

"வெக்கல. கண்ண மூடிக்கங்க."

அவன் சொன்னபடி கண்ணை மூடி, தாடையை உயர்த்திக் கொடுத்தான். அவள் நுரையைக் காதிலிருந்து காது வரை தடவினாள். இடது கையால் அவன் கன்னத்தை இழுத்துப் பிடித்துக்கொண்டு, மெதுவாக ரேசரை இறக்கினாள். அது போன வழியெல்லாம் நுரை விலகி, கீழே மஞ்சள் தெரிந்தது.