துரைசாணிக்கு ஓர் ஒப்பாரி

செல்லம் என்கிற எங்கம்மாவின் பிடிவாதத்தைப் பற்றி நான் சொன்னால் யாரும் நம்பமாட்டார்கள். கோலாலம்பூரிலிருந்து கேமராவோடு வந்த ரூபேந்திரனைக் கேளுங்கள். செனாயில் எங்கள் வீட்டு ஹாலில் உட்கார்ந்து அத்தனை கெஞ்சினான்.

ஐரீன் காட்மோர் என்ற ஆங்கில நடிகையைப் பற்றி அவன் ஆவணப்படம் எடுக்கிறான். ஐம்பதுகளில் லாயாங் லாயாங் பக்கம், அம்மா பால்மரம் வெட்டிய ரப்பர் எஸ்டேட்டில்தான் அவளுடைய பெரிய படத்தை எடுத்தார்கள். துரையின் மனைவியாக அவள் செத்துக் கிடக்க, எஸ்டேட் பெண்கள் சுற்றி உட்கார்ந்து அழ வேண்டும். அம்மாவுக்கு அப்போது கல்யாணம்கூட ஆகவில்லை. சும்மா அழத் தெரியாமல் ஒப்பாரியே வைத்துவிட்டாள். காட்சி முடிந்ததும் ஐரீன் எழுந்து, அம்மாவின் கண்ணைத் துடைத்துவிட்டுச் சிரித்தாளாம். விருது ஐரீனுக்கு. அம்மா பெயர் படத்தில் எங்குமே இல்லை. எனக்கு இன்றும் வயிறு எரிகிறது.

"ஒரு வாட்டி பாடுங்க பாட்டி. உங்க பேரு பெருசா ஸ்கிரீன்ல வரும் லா," என்றான் ரூபேந்திரன். "பாட்டு இல்லாட்டி லண்டன்காரங்க இந்தப் பகுதியையே தூக்கிருவாங்க."

"துரைசாணி உசுரோட இருக்காங்களா?"

"இருக்காங்க. முதியோர் இல்லத்துல."

"அப்ப மாட்டேன். உசுரோட இருக்கறவங்களுக்கு ஒப்பாரி வைக்கக்கூடாது. அன்னிக்குத் தெரியாம வெச்சு அவங்க பொழப்பைக் கெடுத்தது போதும்."

அந்தப் படத்துக்குப் பிறகு ஐரீனுக்குக் கதாநாயகி வேஷமே வரவில்லை. டிவிக்குப் போனாள். துப்பறியும் தொடர்களில் முதல் காட்சியிலேயே கொலையாகிறவள், ஆஸ்பத்திரித் தொடரில் பிழைக்காத நோயாளி. வந்ததுமே ரூபேந்திரன் பெருமையாகப் போட்டுக் காட்டியதில் பாதி பிணம்தான். ஒவ்வொன்றுக்கும் அம்மா கன்னத்தில் போட்டுக்கொண்டாள்.

"அழகா சாகறாங்கன்னு கூப்பிட்டிருப்பாங்க! நீ என்னம்மா பண்ணே?" என்று கத்தினேன்.

"எல்லாம் என் வாய்," என்றாள். ரூபேந்திரன் கேமராவை மூட்டைகட்டிக்கொண்டு கிளம்பினான். நான் அம்மாவோடு முகம் கொடுத்துப் பேசவில்லை.

அடுத்த வாரம் காலையில் அவனே போன் செய்தான். ஐரீன் இறந்துவிட்டாள். "ஆன்ட்டி, இன்னிக்கு எடிட் முடிஞ்சிரும். இப்பப் பாடுவாங்கல்ல? உங்க போன்லயே எடுத்து அனுப்புங்க."

நான் விஷயத்தைச் சொன்னதும் அம்மா தரையில் உட்கார்ந்து கொண்டையை அவிழ்த்தாள். அவசரமாகப் போனைத் தூக்கிப் பிடித்தேன். அம்மா இரண்டு கைகளையும் என் பக்கம் நீட்டினாள்.

"அதைத் தூர வை. படம் புடிச்சா இதுவும் நடிப்பாப் போயிரும். என்னை ஒத்தையில அழவிடாதடி. வந்து கட்டிக்க."

ஒப்பாரியைத் தனியாக வைக்க முடியாது. தோளில் கைபோட்டுத் தலையோடு தலை சேர்த்து அழ இன்னொருத்தி வேண்டும். இந்த ஊரில் ஐரீனுக்கு வேறு யார் இருக்கிறார்கள்? போனை சோபாவில் எறிந்தேன். ஆத்திரத்தில்தான் எனக்கு முதலில் கண்ணீர் வந்தது.

போன் அடித்துக்கொண்டே இருந்தது. அம்மா என் கழுத்தைக் கட்டிக்கொண்டு குரலெடுத்தாள்.

"செல்லம் கூப்புடுறேன், தாயீ... அன்னிக்கு எந்திரிச்சியே, என் கண்ணத் தொடச்சியே... இன்னிக்கு எந்திரிக்கலையே..."