அக்கிந்தினோஸ் என்றால் ஆபத்தில்லாதவன்

கேப்டன் அக்கிந்தினோஸ் ஒரு சின்னப் பெட்டியைத் திறந்து மேசைமேல் வைத்தார். உள்ளே பஞ்சின்மேல் தங்கச் சிலுவை. அதை எடுத்துப் பின்பக்கத்தைத் திருப்பிக் காட்டினார். எழுத்து வெட்டியிருந்தது.

"படிச்சுப் பாரு, மருமகளே. ரோட்ஸ் தீவுத் தட்டான் வெட்டினது. சத்தமாப் படி."

தெமெலினா படிக்கவில்லை. ஓடிப்போய்த் தொட்டிலில் கிடந்த குழந்தையின் காதுகள் இரண்டையும் பொத்தினாள்.

"என்ன மாமா இது! கோயில்ல ஞானத்தகப்பன் வாயால வர்றதுக்கு முன்னாடியே பேரை வெட்டி வாங்கிட்டு வந்துட்டீங்களே, நீங்க இந்தத் தீவுலதான் பொறந்தீங்களா, இல்ல எங்கேயிருந்தாவது மூட்டையோட இறக்கிட்டுப் போனாங்களா?"

ஞானஸ்நானம் ஆகாத ஆண்பிள்ளைக்குக் கலிம்னோஸ் தீவில் பெயர் கிடையாது. பூதம் என்றுதான் கூப்பிடுவார்கள். பூதம் பால் குடித்தது, பூதம் தூங்கியது, அவ்வளவுதான். பெற்ற தாய்கூடக் கோயிலுக்குப் போகாமல் வீட்டில் காத்திருப்பாள்; யாராவது ஓடிவந்து பெயரைச் சொன்னால்தான் அவளுக்கே தெரியும். மூத்த பையனுக்கு அப்பாவைப் பெற்றவரின் பெயர் என்பது ஊரறிந்த வழக்கம். அறிந்ததை அறியாத மாதிரி இருப்பதுதான் மரியாதை. கேப்டனுக்கு மரியாதையை வாங்கித்தான் பழக்கம், கொடுத்துப் பழக்கமில்லை.

"என் பேரைச் சொல்றதுக்கு எனக்கென்ன பயம்?" என்றார்.

"உங்களுக்கு என்ன பயம்? பயப்படுற வேலையைத்தான் கூலி குடுத்து மத்தவங்க தலையில வச்சிட்டீங்களே."

உள்ளறையிலிருந்து ஒரு கனைப்புக் கேட்டது. தெமெலினாவின் அப்பா பொதிதோஸ்தான். அவர் எழுந்து வரமாட்டார்; வர முடியாது. இருபத்திரண்டு வருஷத்துக்கு முன் பெங்காசிக் கடலில், இதே கேப்டனின் படகிலிருந்து, கடற்பஞ்சு அறுக்க முப்பத்தைந்து பாகம், அதாவது முப்பத்தைந்து ஆள் ஆழம், இறங்கியவர். ஒரே நாளில் மூன்றாவது தடவை. மூச்சு சரியில்லை, முடியாது என்றவரிடம் கேப்டன், "ஆபத்து ஒண்ணுமில்ல, இறங்கு" என்றார். வேறொரு படகு நெருங்கி வருகிறது, இடத்தை மாற்றணும், இழு இழு என்று அவசரப்படுத்தியதும் அவர்தான். அந்த ஆழத்திலிருந்து நிறுத்தி நிறுத்தித்தான் தூக்க வேண்டும்; வேகமாக இழுத்தால் உடம்பு மரத்துச் செத்துப்போகும். செம்புத் தலைக்கவசத்தைக் கழற்றியபோது பொதிதோஸுக்குப் பேச்சு இருந்தது. இடுப்புக்குக் கீழே ஒன்றுமில்லை.

அந்தக் கேப்டனின் மகனைத்தான் தெமெலினா கட்டியிருந்தாள். ஸ்கேவோஸ் நல்லவன். அப்பா தும்மினால்கூட ஆமாம் என்பான், அது ஒன்றுதான் குறை. புருஷனை அவள் தானே பார்த்து எடுத்துக்கொண்டாள். ஆனால் அப்பாவின் காலை வாங்கியவன் பெயரைப் பெற்ற பிள்ளையின் தலையில் ஆயுசுக்கும் ஏற்றி வைக்க அவளுக்கு மனம் வரவில்லை. நாற்பது நாளாக அது ஒன்றுதான் நெஞ்சில் முள்ளாகக் கிடந்தது.

மேசைக்கு அந்தப் பக்கம் சக்கெல்லாரிஸ் காபியை உறிஞ்சாமல் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான். கல்யாணத்தில் மாப்பிள்ளைத் தோழன், அதனால் மூத்த பிள்ளைக்கு அவன்தான் ஞானத்தகப்பன். கோயிலில் அவன் என்ன பெயர் சொல்கிறானோ அதுதான் பெயர், அதற்குமேல் பேச்சில்லை. அவன் கேப்டனின் படகில் கயிறு பிடிக்கிறவன் என்பதுதான் சிக்கல்.

"அக்கிந்தினோஸ்னா என்ன அர்த்தம், சொல்லு சக்கெல்லாரி," என்றார் கேப்டன்.

"ஆபத்தில்லாதவன், கேப்டன்."

"ஆபத்தில்லாதவன்! இந்தத் தீவுல எத்தனை நிக்கோலா, எத்தனை மிக்கேல்! கல்லெறிஞ்சா ஒரு நிக்கோலா மேலதான் விழும். இந்தப் பேரு எனக்கு ஒருத்தனுக்குத்தான். புனிதர் அக்கிந்தினோஸைக் காய்ச்சின ஈயத்துல போட்டாங்க. வெந்தாரா? தோல் மூட்டையில வச்சுத் தைச்சுக் கடல்ல எறிஞ்சாங்க. முங்கினாரா? நாப்பது வருஷமா கடல்ல கிடக்கேன், என் மேல ஒரு கீறல் உண்டா? அதெல்லாம் பேரோட மகிமை."

"அப்ப புனிதர் கடலுக்குள்ள இறங்கியிருக்கார்," என்றாள் தெமெலினா.

"இறங்கினார்."

"நீங்க?"

சக்கெல்லாரிஸ் இப்போது காபியை உறிஞ்சினான், வேறெதுவும் செய்யத் தோன்றாமல்.

"நான் கேப்டன், மருமகளே. மேல நின்னு பாத்துக்கறதும் ஒரு வேலைதான்."

"அதுதான் மேல நின்னு நல்லாப் பாத்தீங்களே, உள்ள படுத்திருக்கார் ஒருத்தர். மாமா, நான் ஒண்ணு சொல்றேன், சக்கெல்லாரி அண்ணன் சாட்சி. ஈஸ்டர் முடிஞ்ச வாரம் முங்குற உடுப்பையும் காத்துப் பம்பையும் துறைமுகத்துல சோதிச்சுப் பாப்பீங்கல்ல? அன்னிக்கு நீங்க உடுப்பை மாட்டுங்க. முப்பத்தஞ்சு பாகம் வேணாம், அஞ்சே பாகம். அடியில இருந்து ஒரு பிடி மணல் அள்ளிட்டு வாங்க. இந்தப் பேரை நானே தலையில வச்சுக் கொண்டாடுறேன்."

"தெமெலினா," என்று இழுத்தான் ஸ்கேவோஸ்.

"நீ பேசாத. நீ பேச வேண்டிய நேரத்துல பேசல, இப்பப் புதுசா என்ன பேச்சு?"

"இறங்கலைன்னா?" என்றார் கேப்டன்.

"இறங்கலைன்னா இது என் வீடு, எங்க அம்மா எனக்குக் குடுத்த வீடு. ஞானஸ்நானத்து விருந்துக்கு அடுப்பு பத்த வைக்கமாட்டேன். பிள்ளையைப் பூதம்னே வளத்துக்கறேன்."

உள்ளறையிலிருந்து சத்தம் வந்தது: "சம்பந்தி, மணல் கொஞ்சம் எனக்கும் சேத்து அள்ளிட்டு வாங்க. பூனைக்கு வேணும்!"

மாட்டேன் என்று அங்கேயே சொல்லியிருந்தால் ஒரு வாரத்தில் ஊர் மறந்திருக்கும். கேப்டன் மீசையைத் தடவிக்கொண்டு, "அஞ்சு பாகமா? பிள்ளைங்க குளிக்கிற ஆழம்!" என்றார். அந்தப் பேச்சு அவர் செருப்பை மாட்டுமுன் காபிக்கடைக்குப் போய்ச் சேர்ந்துவிட்டது.

ஈஸ்டர் முடிந்த வியாழக்கிழமை துறைமுகத்தில் கால் வைக்க இடமில்லை. ஆப்பிரிக்காக் கரைக்குப் புறப்பட இன்னும் ஐந்து நாள். படகுகளுக்கெல்லாம் புதுச் சாயம். மற்ற வருஷம் என்றால் பெண்கள் அந்தப் பக்கமே வரமாட்டார்கள். அழப் பின்னால் நேரம் இருக்கிறது என்று வீட்டிலேயே இருப்பார்கள். இந்த வருஷம் மடியில் வறுத்த வேர்க்கடலை மடித்துக்கொண்டு வந்து வரிசையாக உட்கார்ந்திருந்தார்கள். பொதிதோஸை நாற்காலியோடு தூக்கிவந்து கரை ஓரத்தில் வைத்தார்கள். தெமெலினா குழந்தையை ஏந்திக்கொண்டு பக்கத்தில் நின்றாள்.

கேப்டனுக்கு ரப்பர் உடுப்பு சேரவில்லை. சோப்புத் தண்ணீர் போட்டு நாலு பேர் திணித்தார்கள்.

"வயித்தை உள்ள இழுங்க, கேப்டன்!"

"இழுத்துட்டுத்தான்டா இருக்கேன்!"

"அப்ப இதுதான் இழுத்த வயிறா? சரி சரி."

ஈயச் செருப்பு மாட்டினார்கள். மார்பில் ஈயக் கட்டி தொங்கவிட்டார்கள். செம்புத் தலையைக் கவிழ்த்துத் திருகப் போகும்போது கேப்டன் கையைத் தூக்கினார்.

"பம்பு சுத்துறவன் யாரு? அவன் காலையில குடிச்சிருக்கானா?"

"நான்தான் சுத்துறேன், அப்பா," என்றான் ஸ்கேவோஸ். "குடிக்கல."

"கயிறு?"

"கயிறு நான்," என்றான் சக்கெல்லாரிஸ். "இருபது வருஷமா நீங்க பாத்த கயிறுதான்."

தலையைத் திருகினார்கள். முன்கண்ணாடியை மூடினார்கள். கேப்டன் ஏணியில் ஒரு படி இறங்கினார், இரண்டு படி இறங்கினார். தண்ணீர் இடுப்புக்கு வந்தது. அங்கேயே நின்றார். பிறகு கண்ணாடியைக் கையால் தட்டினார். திறந்தார்கள்.

"உடுப்புல ஓட்டை இருக்கு. தண்ணி வருது."

"அது வேர்வை, கேப்டன்."

மூடினார்கள். மறுபடி தட்டினார். திறந்தார்கள்.

"ஈஸ்டர் ஆட்டுக்கறி ஜாஸ்தியாப் போச்சு. நெஞ்சை அடைக்குது. திங்கக்கிழமை வச்சுக்கலாமே?"

பெண்கள் கடலை உடைப்பதை நிறுத்தியிருந்தார்கள். பொதிதோஸ் நாற்காலியில் இருந்தபடி, யாருக்கோ வழி சொல்வது போன்ற குரலில், "ஆபத்து ஒண்ணுமில்ல, சம்பந்தி. இறங்குங்க," என்றார்.

இருபத்திரண்டு வருஷமாக அந்தச் சொல்லை அவர் பத்திரமாக வைத்திருந்திருக்கிறார். கேப்டன் அவரைப் பார்த்தார். பிறகு தானே கண்ணாடியை மூடச் சொன்னார். பாவம், அந்த ஒரு நொடியில் அவரிடம் கொஞ்சம் ஆண்மை இருந்தது என்றே வைத்துக்கொள்ளலாம். செம்புத் தலை தண்ணீருக்குள் போனது. ஒரு பாகம்கூட இல்லை, மேலிருந்தே செம்பின் மினுக்கம் தெரிந்தது. குமிழி கொப்பளித்தது. அடுத்த மூச்சில் கயிறு நாலு முறை, எட்டு முறை, பன்னிரண்டு முறை வெட்டி வெட்டி இழுத்தது.

"நாலு தடவை இழுத்தாப் போதும்," என்றான் சக்கெல்லாரிஸ் கூட்டத்தைப் பார்த்து. "மேல தூக்குன்னு அர்த்தம். கேப்டன் அதை மூணு தடவை சொல்றார்."

தூக்கிப் போட்டார்கள். தலையைக் கழற்றியதும் ஈஸ்டர் ஆட்டுக்கறி முழுவதும் படகுத் தளத்தில் வந்து விழுந்தது. கையில் மணல் இல்லை. சக்கெல்லாரிஸின் கால்சட்டை இருந்தது, ஏறும்போது பிடித்தது, விடவே இல்லை.

அன்றைக்கு ஊர் சிரித்த சிரிப்பு எதிர்த்தீவுக்குக் கேட்டிருக்கும். சாயங்காலமே காபிக்கடையில், "ஒரு கிளாஸ் தண்ணி குடு, ஆபத்தில்லாத தண்ணியா," என்று ஆரம்பித்துவிட்டார்கள். முங்கிக் குளிக்கிற பெண்பிள்ளைகள் முகம் நனைந்ததும் "அக்கிந்தினோஸ்! அக்கிந்தினோஸ்!" என்று கத்திக்கொண்டு கரையேறினார்கள்.

தெமெலினா அன்று முழுக்கப் பாட்டுப் பாடிக்கொண்டே வேலை செய்தாள்.

"என் பிள்ளைக்கு உங்க பேருதான் அப்பா," என்றாள், அவருக்குத் தலை துவட்டும்போது. "பொதிதோஸ். எல்லாரும் ஆசைப்பட்டுப் பெத்த பிள்ளை. நல்ல அர்த்தம்."

"வேணாம்."

"ஏன்?"

"ஆசைப்பட்டாங்கதான். அதுக்கப்புறம் என்ன ஆச்சுன்னு கீழ பாரு. இந்தக் காலை எதுக்கு அவனுக்குக் குடுக்கற?"

"அப்ப அந்தாள் பேரா? அதை இன்னிக்குத் தெருவே மிதிச்சுத் துவைக்குது."

"அது எங்கேயிருந்து வந்த பேருன்னு நினைச்ச? கேப்டனோட தாத்தா பேரு. அந்தக் காலத்துல உடுப்பு ஏது, பம்பு ஏது? தட்டைக் கல்லைக் கட்டிப்பிடிச்சிட்டு, பொறந்த மேனிக்கு முப்பது பாகம் இறங்கினவன் அந்த முதல் அக்கிந்தினோஸ். அவனுக்கு முன்னாடி மூணு அண்ணன்மாரைக் கடல் தின்னுடுச்சு. இவனாவது திரும்பி வரணும்னு பெத்தவ புனிதர் காலைப் பிடிச்சு வாங்கின பேரு. எழுபது வயசுல கட்டில்ல செத்தான், ரெண்டு காலோட. எங்க அப்பன் அவன் கிட்டத்தான் தொழில் படிச்சான்." பொதிதோஸ் துண்டுக்குள்ளிருந்து முகத்தை எடுத்தார். "பேரு மேல ஒரு குத்தமும் இல்ல, பெண்ணே. நடுவுல ஒரு கழுதை அதைப் போட்டுட்டுத் திரிஞ்சிருக்கு, அவ்வளவுதான்."

தெமெலினா துண்டை உதறிக் கொடியில் போட்டாள். பாட்டும் நின்றுவிட்டது.

சனிக்கிழமை கேப்டன் வந்தார். பெட்டி இல்லை, மீசையில் மெழுகு இல்லை. உட்காரச் சொல்லும்வரை நின்றார். இது இந்த வீட்டில் முதல் தடவை.

"மருமகளே, நான் யோசிச்சேன். வழக்கம் வழக்கம்னு எதுக்குப் பிடிச்சிட்டுத் தொங்கணும்? காலம் மாறிப்போச்சு. நிக்கோலான்னு வச்சிடலாம். அழகான பேரு. வாயில சுலபமா வரும்."

"கல்லெறிஞ்சா மேல விழுமே, மாமா."

"விழட்டும்மா. நாளைக்குக் கோயில்ல மொத்த ஊரும் இருக்கும். அந்தப் பேரைச் சொன்னா..."

"சொன்னா?"

"சிரிப்பாங்க."

"யாரைப் பாத்து?"

கேப்டன் தொப்பியைச் சுருட்டினார், விரித்தார். தெமெலினா அவரைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். ஒரு கிளாஸ் தண்ணீர்கூட எடுத்துக் கொடுக்கவில்லை.

"மாமா, மூத்தவனுக்குத் தாத்தா பேரு. அது மாறாது. யாரு தாத்தாங்கறதை மட்டும் நான் ரெண்டு தலைமுறை மேல தள்ளிக்கறேன். என் பிள்ளை கல்லைக் கட்டிக் கடல்ல இறங்கினவனோட பேரைத்தான் எடுத்துக்கறான். உங்களது இல்ல. உங்க கிட்ட அது இருந்ததே இரவலுக்குத்தான். அந்தச் சிலுவையை அனுப்பி வைங்க. எழுத்து சரியாத்தானே வெட்டியிருக்கு, வீணாக்குவானேன்?"

ஞாயிற்றுக்கிழமை அவள் வழக்கப்படி வீட்டிலேயே இருந்தாள். அடுப்பில் விருந்துக்கான ஆட்டுக்கறி கொதித்தது. மணிச்சத்தம் கேட்டது. கொஞ்ச நேரத்தில் சக்கெல்லாரிஸின் மகள் படியேறி ஓடிவந்தாள், மூச்சு வாங்கியது.

"அத்தை, பேரு அக்கிந்தினோஸ்! அப்பா மூணு தடவையும் சத்தமாச் சொன்னாரு. சாமியாரே போதும் போதும்னாரு."

"ஊரு சிரிச்சுச்சா?"

"பேரைச் சொன்னதும் எல்லாரும் திரும்பிப் பெரிய கேப்டனைப் பாத்தாங்க. அவரு தூணுக்குப் பின்னால போயி நின்னுக்கிட்டாரு. அப்புறம் யாரும் சிரிக்கல. பாப்பாவைத் தண்ணியில மூணு தடவை முக்கினாங்கல்ல, அத்தை? அழவே இல்ல. முங்கி எழுந்து எல்லாரையும் ஒரு பார்வை பாத்தான். மாடத்துல இருந்து ஒரு கிழவி, 'இவன் தாத்தனை விட ஆழமாப் போயிட்டான்'னு சொன்னா. அப்பத்தான் சிரிச்சாங்க."

தெமெலினா அவள் கையில் ஒரு வெள்ளிக் காசை வைத்தாள். உள்ளறைக் கதவைத் திறந்தாள்.

"கேட்டுச்சா, அப்பா?"

"கேட்டுச்சு." பொதிதோஸ் தலையணையில் நிமிர்ந்து உட்கார்ந்திருந்தார், சவரம் செய்து, வெள்ளைச் சட்டை போட்டு. "கோயில்ல இருந்து வந்ததும் சம்பந்தியை உள்ள அனுப்பு. நாற்காலியை என் கட்டில் பக்கத்துல போடு. பேரனை மடியில வச்சுக்கிட்டு ஆசை தீரப் பேர் சொல்லிக் கூப்பிடட்டும். நான் கேக்கணும்."