நடுவில் இருந்தது

எங்கள் வீட்டில் கீழே என் பல் மருத்துவமனை, மேலே குடித்தனம். அன்று காலை காத்திருக்கும் கூடத்தில் கன்னம் வீங்கியவர்களுக்கு நடுவே, மடியில் ஓர் அட்டைப்பெட்டியை அணைத்துக்கொண்டு ஒருத்தி உட்கார்ந்திருந்தாள். முகத்தைப் பார்த்தால் ராத்திரி முழுக்கப் பல்வலியில் புரண்டவள் மாதிரி இருந்தது. பாவமே என்று அவளை முதலில் உள்ளே கூப்பிட்டு, நாற்காலியில் சாய்த்து, விளக்கைப் போட்டு, கண்ணாடியை வாய்க்குள் விட்டுவிட்டேன்.

"எந்தப் பக்கம் வலி?"

"வலியெல்லாம் இல்ல டாக்டர். சாரைப் பாக்க வந்தேன். முதலீடு விஷயமா."

"அதை முதல்லயே சொல்லக்கூடாதா?"

"வாயைத் திறன்னீங்க. திறந்துட்டேன்."

இந்தக் கூத்தெல்லாம் என் வீட்டுக்காரரால் வந்தது. பெரிய மென்பொருள் கம்பெனி ஒன்றில் உச்சாணியில் இருந்தவர் அவர். அவருக்குக் கீழே ஆயிரக்கணக்கானவர்கள். போன வருஷம் திடுதிப்பென்று வேலையை விட்டார். "இனிமே யாருக்கும் நான் வேலை பாக்கப் போறதில்ல. புதுசா கம்பெனி தொடங்கறவங்களுக்குப் பணம் போட்டு, கூட நிக்கப் போறேன்" என்றார். எனக்குத் தலையும் புரியவில்லை, வாலும் புரியவில்லை. வழியனுப்பு விழாவில் மேடையேறிய ஒவ்வொருவரும், "அவர் முன்னாடி எதை வெச்சாலும் ஒரு நிமிஷத்துல முடிவு சொல்லிடுவார்" என்றார்கள். எனக்கும் பெருமைதான். என்னைக் கல்யாணம் செய்துகொண்டதே அப்படித்தானே! அவருடைய அக்கா மேஜைமேல் மூன்று பெண்களின் படங்களை வைத்தாராம். இவர் ஒரு நிமிஷம்கூட யோசிக்காமல் என் படத்தின்மேல் விரலை வைத்தாராம். இந்தக் கதையை நான் என் நோயாளிகளுக்குக்கூடச் சொல்லியிருக்கிறேன். வாயில் கருவி இருக்கும்போது அவர்களால் தப்பித்து ஓட முடியாது.

அந்த மனுஷரா இவர் என்று எனக்குச் சந்தேகம் வந்தது இந்த வருஷம்தான். வாரம் முழுக்க யார் யாரோ வந்தார்கள். எங்கள் சாப்பாட்டு மேஜையில் மடிக்கணினியைத் திறந்து வைத்து, தொண்டை வற்றப் பேசினார்கள். இவர் அழகாகக் கேட்பார், நறுக்கென்று கேள்விகள் கேட்பார். கடைசியில், "இன்னும் கொஞ்சம் விவரம் அனுப்புங்க" என்பார். சரி என்று ஒருவருக்கும் சொன்னதில்லை, வேண்டாம் என்றும் சொன்னதில்லை. அனுப்பிய விவரமெல்லாம் கிணற்றில் போட்ட கல்லாகக் கிடந்தது.

மற்றவர்கள் அலுத்துப்போய் நின்றுவிட்டார்கள். அட்டைப்பெட்டிக்காரி மட்டும் வந்துகொண்டே இருந்தாள். நான் அவளுக்கு லிஃப்ட்காரி என்று பேர் வைத்திருந்தேன். அவள் கண்டுபிடித்த சின்னப் பெட்டியை லிஃப்ட் மோட்டாரின்மேல் ஒட்டிவிட்டால், அது அந்தச் சத்தத்தைக் கேட்டுக்கொண்டே இருக்கும். மோட்டார் படுக்கப்போகிறது என்றால் முன்கூட்டியே சொல்லிவிடும். எதிர்க் கட்டடத்து லிஃப்ட்டில் ஒன்றை மாட்டிக் காட்டினாள். வாரம் ஒருமுறை ஆளை உள்ளே வைத்துக்கொண்டு அடம்பிடித்த லிஃப்ட் அது. அதற்குப் பிறகு ஒருநாளும் நிற்கவில்லை. இவர் போய் அதில் ஏறி இறங்கிவிட்டு வந்து, "நல்ல பெட்டி, ரொம்ப நல்ல பெட்டி" என்று என்னிடம் நாலு தடவை சொன்னார். அவளிடம், "இன்னும் கொஞ்சம் விவரம் அனுப்புங்க" என்றார்.

ஒரு திங்கட்கிழமை வந்தவள் உட்காரக்கூட இல்லை.

"சார், லிஃப்ட் செய்யற பெரிய கம்பெனி ஒண்ணு எங்களை வாங்கிக்கறேங்கறாங்க. எங்க எட்டு பேருக்கும் வேலை குடுப்பாங்க. ஆனா பெட்டியைத் தூக்கிப் பரண்ல போட்டுடுவாங்க. லிஃப்ட் ரிப்பேர் ஆனாதானே அவங்களுக்கு வருமானம்? வெள்ளிக்கிழமை சாயங்காலத்துக்குள்ள பதில் சொல்லணும். நீங்க பணம் போட்டா நாங்க நிப்போம். போடலைன்னா வித்துடுவோம். ரெண்டுல ஒண்ணு சொல்லுங்க சார்."

இவர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "நல்ல கேள்வி" என்றார்.

எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. அவள் படியிறங்கியதும் பிடித்துக்கொண்டேன். "நல்ல கேள்வியா? அதுக்கு மார்க் போடறதுக்கா அவ வந்தா? பல்லைப் பிடுங்கணுமா, அடைக்கணுமான்னு நான் நாள் முழுக்கச் சொல்லிட்டிருக்கேன். உங்களுக்கு ஒரு வார்த்தை வரலையா?"

"பல்லு வேற."

"என்ன வேற?"

"பல்லை நீ பாக்கற. இதுல எதைப் பாக்கறதுன்னே எனக்குத் தெரியல" என்றார். பொய் சொல்லவில்லை. கூட்டத்தில் கையை விட்டுவிட்ட பிள்ளை மாதிரி முழித்தார். எனக்கு என் கோபத்தை எங்கே வைப்பது என்று தெரியவில்லை.

மறுநாள் கடைவாய்ப் பல்லைக் காட்ட வந்தார் இவருடைய 'வலது கை'. ஆபீசில் இவருக்கு அடுத்த இடத்தில் இருந்தவர், இப்போது இவர் நாற்காலியிலேயே இருப்பவர். மரத்துப்போக ஊசி போட்டுவிட்டுக் காத்திருக்கும் நேரத்தில் நான் மனசு தாங்காமல் கேட்டேன். "அங்கே அவ்வளவு வேகமா முடிவெடுத்தவர் இங்கே ஏன் இப்படித் திண்டாடறார்?"

அவர் பாதி வாயால் சிரித்தார். "யார்கிட்டயும் சொல்லிடாதீங்க மேடம். அவர்கிட்ட ஒரே ஒரு யோசனையைக் கொண்டுபோனா, குடைஞ்சு எடுத்துடுவார். அதனால மூணா கொண்டுபோவோம். ஒண்ணு கேட்டாலே மயக்கம் வர்ற மாதிரி செலவு. ஒண்ணு படு கஞ்சத்தனம். எங்களுக்கு எது வேணுமோ அதை நடுவுல வெச்சிடுவோம். ஒரு நிமிஷம் பாப்பார், நடுவுல விரலை வைப்பார்."

"எப்பவுமா?"

"ஒரு தடவைகூடத் தப்பினதில்ல. எனக்கு முன்னாடி இருந்தவர் எனக்குச் சொல்லிக்குடுத்த வித்தை இது. இப்ப எனக்கும் அப்படித்தான் கொண்டுவர்றாங்கன்னு ஒரு சந்தேகம். அதான், நான் எப்பவும் கடைசியில இருக்கறதை எடுக்கறேன்."

"அதையும் இந்நேரம் கண்டுபிடிச்சிருப்பாங்களே" என்றேன்.

அவர் சிரிப்பு நின்றுவிட்டது. கூரையைப் பார்த்தபடியே படுத்திருந்தார். அதற்குமேல் பேச முடியாதபடி வாய் மரத்துவிட்டது.

பல்லைக் குடைந்துகொண்டே யோசித்தேன். சிரிப்புதான் முதலில் வந்தது. அப்புறம், ஜன்னல் திரை வாங்கியபோது நான் மூன்று துணிகளை விரித்துக் காட்டியது ஞாபகம் வந்தது. எனக்குப் பிடித்தது எங்கே இருந்தது? இந்த வீட்டை வாங்கியபோது? அடக் கடவுளே, நானுமா! நான் ஒன்றும் திட்டம் போட்டுச் செய்யவில்லை. ஆனால் கை தானாகவே வைத்திருக்கிறதே!

வியாழக்கிழமை லிஃப்ட்காரி வந்தபோது இவர் வெளியே போயிருந்தார். நான் அவளை உள்ளே கூப்பிட்டுக் கதவைச் சாத்தினேன்.

"வாயைத் திறக்கணுமா டாக்டர்?"

"வேணாம், மூடிக்கிட்டு கேளு. நாளைக்கு வரும்போது மூணு வழி எழுதிட்டு வா. உனக்கு எது வேணுமோ, அதை நடுவுல வை."

எல்லாவற்றையும் சொன்னேன். அவள் சிரிப்பாள் என்று எதிர்பார்த்தேன். சிரிக்கவில்லை. பெட்டியின் மூலையை நகத்தால் சுரண்டிக்கொண்டிருந்தாள்.

"சார் நிஜமாவே அப்படியா?"

"உனக்கு வேண்டியது பணம்தானே? அவர் எப்படி இருந்தா உனக்கென்ன?"

"சரி டாக்டர்" என்று எழுந்து போனாள்.

வெள்ளிக்கிழமை நோயாளிகளைச் சீக்கிரமே அனுப்பிவிட்டு மாடிக்குப் போனேன். சாப்பாட்டு மேஜையில் அவள் மடிக்கணினியைத் திருப்பி வைத்தாள். திரையில் மூன்று கட்டங்கள். எனக்குத் தூரத்திலிருந்து எழுத்து தெரியவில்லை. தண்ணீர் டம்ளரைக் கையில் வைத்துக்கொண்டு சமையலறை வாசலிலேயே நின்றேன்.

இவர் முகத்தைப் பார்க்கவேண்டுமே! இத்தனை மாதமாகக் காணாமல்போன மனுஷர் திரும்பி வந்துவிட்டார். முதுகு நிமிர்ந்தது. திரையை இந்தக் கோடிக்கும் அந்தக் கோடிக்கும் ஒருமுறை பார்த்தார். விரல் நேராகப் போய் நடுக்கட்டத்தில் உட்கார்ந்தது.

"இதுதான்" என்றார். ஆபீஸ் குரல். "லிஃப்ட் கம்பெனிக்கே குடுத்துடுங்க. அதுதான் சரி."

டம்ளரிலிருந்த தண்ணீர் பாதி என் காலில் கொட்டியது. அவள் மடிக்கணினியை மூடினாள். "ரொம்ப நன்றி சார்" என்று சொல்லிவிட்டுக் கிளம்பினாள்.

மாடிப்படியில் ஓடிப்போய் மறித்தேன். "பைத்தியமா உனக்கு? விக்கறதைப் போய் யாராவது நடுவுல வைப்பாங்களா?"

"நான்தான் வெச்சேன் டாக்டர். முதல் கட்டத்துல, சார் பணம் போடறார், நாங்க நிக்கறோம். கடைசியில, பாதியை வித்துட்டு பாதியில நிக்கறோம். பெட்டியை அவர் நிஜமா நம்பினா, விரல் கொஞ்சம் நகர்ந்திருக்கும்ல?"

"நகரலையே!"

"அதைத்தான் தெரிஞ்சுக்கணும்னு நினைச்சேன். பணம் போட்டா போடறதோட போகாதே. வருஷக்கணக்கா கூட இருக்கணும். கஷ்டம் வர்றப்பல்லாம் அவரைத்தான் கேக்கணும். ஒவ்வொரு தடவையும் நான் நடுவுல வெச்சுட்டே இருக்க முடியுமா?" கண்ணைப் புறங்கையால் துடைத்துக்கொண்டாள். பிறகு, கிண்டல் துளியும் இல்லாமல் கேட்டாள்: "நீங்க எப்படி டாக்டர் இருக்கீங்க?"

பதிலுக்கு நிற்காமல் படியிறங்கினாள்.

கீழே நோயாளிகளின் நாற்காலியில் உட்கார்ந்து அந்தக் கம்பெனிக்குப் போன் செய்தாள். "சம்மதம் சார். திங்கட்கிழமை கையெழுத்து போட வர்றோம்" என்று முடித்துவிட்டாள். பிறகு தெருவைக் கடந்து எதிர்க் கட்டடத்துக்குள் போனாள். நான் மேலே திரும்பியபோது இவர் ஜன்னலோரம் நின்றிருந்தார். கொஞ்ச நேரத்தில் அவள் லிஃப்ட்டில் ஒட்டியிருந்த பெட்டியுடன் வெளியே வந்தாள்.

"அதை ஏன் கழட்டறா?" என்றார்.

"வித்தாச்சு. நீங்கதானே சொன்னீங்க?"

"நல்ல பெட்டியாச்சே அது!"

எனக்குத் தாங்கவில்லை. வலது கை சொன்னது, நான் அவளுக்குச் சொல்லிக்கொடுத்தது, அவள் மாற்றி வைத்தது, எல்லாவற்றையும் கொட்டிவிட்டேன். இவர் திட்டவில்லை. நாற்காலியை இழுத்து மெதுவாக உட்கார்ந்தார்.

"இல்லம்மா. நடுவுல இருக்குன்னு எடுக்கல. பாத்த உடனே அதுதான் சரின்னு பட்டுது. மனசு லேசாயிடுச்சு. சத்தியமா."

அதுதான் என்னைப் போட்டு உலுக்கியது. அவர் சொன்னது உண்மை. ஒவ்வொரு தடவையும் அவருக்கு நிஜமாகவே அப்படித்தான் பட்டிருக்கிறது. அப்படியென்றால் அதை முடிவு என்று சொல்வதா, வேறு என்னவென்று சொல்வது? எனக்குத் தெரியவில்லை. இன்றைக்கும் தெரியாது.

திடீரென்று எழுந்து, வீட்டுச் செருப்போடு படியில் தடதடவென்று இறங்கி ஓடினார். ஜன்னல் வழியாகப் பார்த்தேன். தெருமுனையில் அவளை நிறுத்தி, இரண்டு கைகளையும் ஆட்டி ஆட்டி என்னவோ சொன்னார். அவள் ஒரே ஒரு வரி பேசினாள். இவர் கைகளைத் தொங்கப்போட்டுக்கொண்டு திரும்பி நடந்தார்.

அவர் மேலே ஏறி வருவதற்குள் நான் போனை எடுத்துவிட்டேன். எடுத்திருக்கக்கூடாது.

"அண்ணி, அன்னைக்கு மூணு படம் வெச்சீங்களே, எந்த வரிசையில வெச்சீங்க?"

அவருடைய அக்கா கலகலவென்று சிரித்தார். "இத்தனை வருஷம் கழிச்சு என்ன இது? எங்க எல்லாருக்கும் உன்னைத்தான் ரொம்பப் பிடிச்சிருந்தது. அவன்கிட்ட ஒண்ணே ஒண்ணைக் காட்டினா நூறு கேள்வி கேப்பான்னு, அம்மாதான் மூணா வெக்கச் சொன்னாங்க. உன்னை நடுவுல வெச்சோம்."

பேசி முடித்தபோது இவர் வாசலில் நின்று மூச்சு வாங்கிக்கொண்டிருந்தார்.

"அவகிட்ட என்ன சொன்னீங்க?" என்றேன்.

"பெட்டியை நான் நம்பறேன், பணம் போடறேன்னு சொன்னேன்."

"அவ?"

"'இப்ப யார் சொல்லி அனுப்பினாங்க சார்?'னு கேட்டா."

என் கையிலிருந்த போனை அவர் பார்த்துக்கொண்டே இருந்தார்.

"அக்காகிட்டயா பேசின?"

"ம்."

"அந்தப் படத்தைப் பத்தியா?" நாற்காலியின் முதுகைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டிருந்தார். "நீ எங்க இருந்தியாம்?"

வாய் வரை வந்துவிட்டதை மென்று விழுங்கினேன்.

"ஓரத்துல" என்றேன். "கடைசியா இருந்தேனாம்."

அவர் முகம் மலர்ந்ததே, அப்பப்பா! "பாத்தியா!" என்றார். "பாத்தியா, உன்னை நான்தானே எடுத்தேன்!"

"ஆமாங்க, நீங்கதான் எடுத்தீங்க" என்று சொல்லிவிட்டு, சமையலறை வாசலில் கொட்டிக் கிடந்த தண்ணீரைத் துடைக்கக் குனிந்தேன்.