கேமரா திரும்புமுன்

எமே ப்ரிவா நாற்பத்தோரு வருஷமாக நடிகர். சினிமாவில் டாக்ஸிக்காரன், ஓட்டல் வாசல்காரன். டெலிவிஷனில் நாலு தடவை பிணம். அவர் முகத்தை மட்டும் கிட்டத்தில் வைத்து எடுத்த காட்சி ஒன்றுகூடக் கிடையாது.

இந்தப் போலீஸ் தொடரில்தான் முதல் முறையாக ஒரு முழுக் காட்சி. மகன் செத்த செய்தியைக் கேட்கும் அப்பன் வேஷம். முகத்தைத் தனியாக எடுப்பேன் என்று இயக்குநர் யானிக் வாயால் சொல்லியிருந்தான். இந்தத் தொழிலில் வாயால் சொன்ன எதையும் எமே நம்பியவர் இல்லை. இதை நம்பினார்.

ரூபே நகரில் மூடிக்கிடந்த ஆஸ்பத்திரி ஒன்றில் படப்பிடிப்பு. மேக்கப் போட்ட ஒதில், "என்ன எமே, இன்னைக்காவது உயிரோட நடிக்கிறியா?" என்றாள்.

"பொணத்துக்கு வசனம் மறக்காது. அது ஒரு வசதி."

பெரிய நடிகையின் முகத்தைத்தான் முதலில் எடுப்பார்கள். அப்போது மற்றவர் கேமராவுக்குப் பக்கத்தில் நின்று தன் வசனத்தைச் சொல்லவேண்டும். பிறகுதான் கேமரா இவர் பக்கம் திரும்பும். அனுபவப்பட்டவன் எவனும் அந்த முதல் வேளையில் எல்லாவற்றையும் கொட்டிவிட மாட்டான். எமேவுக்கு இது தெரியாததல்ல.

பெரிய நடிகை கொரின் போலீஸ் உடுப்பில் எதிரே நின்றாள். "உங்க பையன் உயிரோட இல்லீங்க."

நன்றாகச் சொல்லித் தொலைத்தாள். எமேவின் மகன் லோயிக் மோட்டார் சைக்கிளோடு லாரிக்கு அடியில் போய் ஒன்பது வருஷம். அடக்கத்தன்றுகூட அவர் அழவில்லை. இத்தனைக்கும் நடிகன் என்று வந்தவர்கள் முணுமுணுத்தார்கள். இப்போது, கேமரா பார்க்காத இடத்தில், அது வந்தது. பேச்சு உடைந்தது. மூக்கு ஒழுகியது. விளக்குக்காரன் தலையைத் திருப்பிக்கொண்டான். கொரினும் அழுதாள். அவள் அழுதது அத்தனையும் படத்தில் விழுந்தது.

"கட்! கொரின், பிரமாதம்!" யானிக் கைதட்டினான்.

கேமராவையும் விளக்குகளையும் திருப்பி வைக்க ஒரு மணி நேரம் ஆயிற்று. கொரினுக்குப் பாரிஸ் ரயில். எமேவின் இரண்டு கன்னத்திலும் முத்தமிட்டு, "நீ இல்லேன்னா எனக்கு அது வந்திருக்காது" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டாள். அவள் வசனத்தை உதவிக்காரி ஒருத்தி சூயிங்கம் மென்றுகொண்டே காகிதத்தைப் பார்த்துப் படித்தாள்.

எமேவுக்கு ஒன்றும் வரவில்லை. நாலு தடவை எடுத்தார்கள். கண்ணில் மருந்து விட்டுப் பார்த்தார்கள். தண்ணீர் ஓடியது, அவ்வளவுதான்.

யானிக் வந்து தோளில் கை போட்டான். "விடு எமே. அப்ப அங்க நின்னு பேசினியே, அந்தக் குரல் பதிவாயிருக்கு. கொரின் மூஞ்சிமேல அத ஓட்டிடுறேன். உன் முதுகு மட்டும் ஒரு ஷாட் போதும்."

"இன்னொரு தடவை எடு."

"வெளிச்சம் போயிடும்ப்பா."

"யானிக், அது என் பையன்."

"ஆமா, உன் பையன்தான். கதையில அப்படித்தானே இருக்கு?"

எமே தரையில் ஒட்டியிருந்த அடையாளத்தில் போய், முதுகைக் காட்டி நின்றார். அந்த ஷாட் ஒரே தடவையில் சரியாக வந்தது.