வெள்ளையடித்த சுவர்

1

இந்தக் கதை எரிச்சலில் பிறந்தது. நான்கு மாதம் நடையாய் நடந்து, கோர்ட்டில் ஒரு கமிஷனரை* நியமிக்க வைத்து, அவர் வந்து அரை மணி நேரத்தில் போய்விட்ட அன்றே எழுத உட்கார்ந்தேன். குடும்ப விஷயத்தை ஊருக்குச் சொல்வது எனக்குப் பிடிக்காது. ஆகவே இதில் வருகிறவரைப் பெரியவர் என்றே எழுதுகிறேன். அவர் நானல்ல. வாசகர் இதை நம்ப வேண்டும்.

(* கமிஷனர் என்பவர் கோர்ட் அனுப்பும் வக்கீல். நீதிபதி வீடு வீடாக வர முடியாதல்லவா, அவருக்குக் கண்ணாக இவர் வருவார். கண் மட்டும்தான், காது கிடையாது. இதைப் பெரியவருக்கு யாரும் சொல்லவில்லை. சரி, சொன்னார்கள். அவர் காதில் வாங்கவில்லை.)

2

முதல் தொடக்கம்: "அண்ணனும் தம்பியும் ஒரு சந்துக்காக அடித்துக்கொண்டு—"

வேண்டாம். அந்த வீட்டில் யாரும் அடித்துக்கொண்டதில்லை. வழக்குதான் போட்டார்கள்.

இரண்டாவது: "அக்காவால் படி இறங்க முடியாது."

இது நிற்கட்டும். அக்கா பெரியவர் வீட்டுப் பின்னறையில் இருக்கிறார், சக்கர நாற்காலியில். முன்வாசலில் ஏழு படி. பின்னறைச் சுவரில் முன்பு சந்துக்கு ஒரு கதவு இருந்தது. அதை மறுபடி திறந்தால் அவர் தெருவைப் பார்க்கலாம். ஆனால் அடுத்த வீட்டில் இருக்கும் பெரியவரின் தம்பி சந்து முழுக்கத் தன்னுடையது என்கிறார். அண்ணன் வீட்டுக்கு அந்தப் பக்கம் வழியே இருந்ததில்லையாம். இருந்தது. செங்கல் வைத்து அடைத்த தடம் சந்துப் பக்கம் ஆளுயரத்துக்குத் தெரியும்.

தெரிந்தது.

3

இந்த இடத்தில் பெரியவர் மேல் எனக்கே சந்தேகம் வருகிறது. எப்படி எழுதினாலும் அசடாகத் தெரிகிறார். மூன்று முறை அடித்துவிட்டேன். நேராகவே சொல்கிறேன்: கமிஷனர் வருவதற்கு முந்தின வாரம் ஆள் வைத்து அந்தச் சுவரைப் பூசி வெள்ளையடித்தார். வெளியாள் வந்து பாசி படிந்த சுவரைப் பார்த்து, அதைக் கோர்ட்டில் எழுதி வைப்பதா? கதவு இருந்த இடத்தை அவரே கைகாட்டிச் சொல்வார். அவர் சொன்னால் போதாதா?

4

கமிஷனர் இளம்பெண். சந்தின் அகலத்தை டேப்பால் அளந்துவிட்டு நிமிர்ந்தார்.

"கதவு எங்க சார்?"

"இதோ, இங்கதான் இருந்துச்சு."

"வெறும் சுவர்தானே இருக்கு?"

"அதான் நான் சொல்றேன்ல?"

"நீங்க சொல்றதை நான் எழுதக் கூடாது சார். கண்ணுல படுறதைத்தான் எழுதணும்."

எழுதினார்: புதிதாக வெள்ளையடித்த சுவர், திறப்பின் அடையாளம் ஏதுமில்லை.

"கொஞ்சம் சுரண்டிக் காட்டட்டுமா?"

"தொடாதீங்க. அதுக்குத் தனியா உத்தரவு வேணும்."

பெரியவரின் வக்கீல் தலையில் கை வைத்துக்கொண்டார். "அந்தத் தடத்தைக் காட்டத்தானே சார் இவங்களையே வரவழைச்சோம்!"

"எங்க அண்ணனுக்குச் சுத்தம் முக்கியம் மேடம்," என்றார் தம்பி.

ஜன்னலுக்குள்ளிருந்து அக்கா கத்தினார்: "டேய் சின்னவனே! அந்தக் கதவுல விரலை நசுக்கிக்கிட்டுத் தெருவையே கூட்டினியே, மறந்துபோச்சா?"

தம்பி கட்டைவிரலை மடக்கிக்கொண்டார். கமிஷனர் அதை எழுதவில்லை.

5

முடிவு ஒன்று: தம்பி மனம் மாறி உண்மையைச் சொல்கிறார். (அறுபது வருடமாக அவரைத் தெரியும். சொல்ல மாட்டார்.)

முடிவு இரண்டு: மழையில் பூச்சு உதிர்கிறது. (நல்ல சிமெண்ட். நானே நின்று பார்த்து— பெரியவர் நின்று பார்த்து வாங்கிய வேலை.)

மூன்றாவது என் மேஜையில் கிடக்கிறது. கமிஷனரை மறுபடி அனுப்பிப் பூச்சை உரித்துப் பார்க்கச் சொல்லும் மனு. கூடவே ஒரு பிரமாணப் பத்திரம். தடத்தை மறைத்தது தானேதான் என்று பெரியவர் அதில் கையெழுத்துப் போட வேண்டும்.

"வீட்டுக் கௌரவத்துக்காகப் பூசினேன்னு எழுதியிருக்கேன் சார்," என்றார் வக்கீல் போனில். "உங்க தம்பியும் படிப்பார். பரவால்லயா?"

'கௌரவத்துக்காக' என்பதை அடித்துவிட்டு 'சுத்தத்துக்காக' என்று போட்டேன். அதையும் அடித்தேன்.

பின்னறையில் நாற்காலிச் சக்கரம் சுவரில் இடிக்கிறது, கதவு இருந்த இடத்தில்.

"தம்பி, எழுதி முடிச்சியாடா?" என்று அக்கா என்னைக் கேட்டார்.

முடிவை வாசகரிடம் விட்டுவிட்டு எழுந்துவிடலாம் என்றிருந்தேன். கையெழுத்துக்கு விட்ட இடத்தில் வாசகர் பெயர் இல்லை. ஆகவே உங்களுக்கு முடிவு கிடையாது, போகலாம்.

பேனாவைத் திறந்தேன். (திறந்தார் என்று எழுதியிருக்க வேண்டும். இதை மட்டும் அடிக்கப் போவதில்லை.)