கேட்கும் பக்கம்

வேனிலிருந்து இறங்கிய நாலு பேர் வாசலில் போட்ட சத்தத்தில், ஈரத்துணியால் புருஷனின் முகத்தைத் துடைத்துக்கொண்டிருந்தவளின் கை நின்றது. செத்துப்போன மனுஷனே வாசலில் நின்று பேசுவது போலிருந்தது.

“செத்த வீட்டுல என்ன சண்டை?” என்றார் வேலியோரம் நின்ற மூத்தவர், அவள் புருஷனின் அண்ணன். காலையிலிருந்து அங்கேயேதான் நிற்கிறார், படியேறவில்லை. இன்னும் கொஞ்ச நேரத்தில் தூக்கிவிடுவார்கள். அதற்குள் தம்பி முகத்தை ஒருதரம் பார்த்துவிட மாட்டாரா என்று அவள் வேலிப் பக்கமே பார்த்துக்கொண்டிருந்தாள்.

சண்டையில்லை. வந்தவர்கள் அவள் புருஷனோடு நெசவு மில்லில் வேலை பார்த்தவர்கள். மில்காரர்கள் பேச்சே அப்படித்தான். மில் இருந்த நகரத்தில் ராப்பகலாகத் தறிகள் ஓடும். பக்கத்தில் நிற்பவனிடம் தண்ணீர் கேட்பதற்குக்கூடத் தொண்டை கிழிய வேண்டும். இந்த ஊரிலோ அடுத்த வீட்டில் கரண்டி விழுந்தால் தெருவே திரும்பிப் பார்க்கும். ஓய்வுபெற்று மில் காதோடு இங்கே வந்த அவள் புருஷன், வந்த வாரமே டீக்கடையில் எல்லோர் முன்னாலும், “அண்ணே, மூலத்துக்கு மருந்து சாப்பிட்டியா?” என்று அதே மில் சத்தத்தில் அக்கறையாக விசாரித்துவைத்தார். மானம் கப்பலேறிய அண்ணன் அன்றோடு பேச்சை நிறுத்தினார்.

“காது கேக்கலன்னு உங்க அண்ணன்கிட்ட சொல்லிடலாமே” என்று அவள் எத்தனையோ தடவை கெஞ்சினாள். “செவிடன்னு பேர் வாங்குறதுக்குச் சண்டைக்காரனாவே இருந்துட்டுப் போறேன். நீயும் மூச்சு விடாத” என்று சத்தியம் வாங்கிக்கொண்டார். உதட்டசைவைப் பார்த்தே பேச்சைப் பிடித்துவிடுவார், அதனால் ஊரில் யாருக்கும் சந்தேகம் வரவில்லை. வறட்டுப் பிடிவாதம் பிடித்த மனுஷன்.

வந்தவர்களில் மேஸ்திரி நேரே அண்ணனிடம் போனார். “நீங்கதானே அண்ணன்? ஏதாவது சாப்பிட்டீங்களா?”

“ஏங்க கத்துறீங்க?” என்று அண்ணன் முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

மேஸ்திரி காதருகே கையைக் குவித்தார். “என்னது? என்னைப் பாத்துச் சொல்லுங்க. தறியில நின்ன எங்க யாருக்கும் காது சரியில்ல.”

அண்ணன் மெதுவாக அவள் பக்கம் திரும்பினார். “அவனுக்குமா?”

சத்தியம் நாக்கைப் பிடித்தது. தலையை மட்டும் ஆட்டினாள்.

அண்ணன் படியேறி வந்தார். தம்பியின் தலைமாட்டில் உட்கார்ந்து என்னமோ முணுமுணுத்தார்.

“இடது காதுல சொல்லுங்க மாமா” என்றாள். “அந்தப் பக்கம்தான் கொஞ்சம் கேக்கும்.”

அவர் எழுந்து மறுபக்கம் போய்க் குனிந்தார். கத்திப் பழக்கமில்லாத தொண்டை, முதலில் காற்றுதான் வந்தது.

“சாப்பிட்டேன்டா” என்றார். “மூலத்துக்கு மருந்து சாப்பிட்டேன்டா.”

தெருக்கோடிவரை கேட்டது.